வான்கோழிக்குப் பக்கத்தில் இருக்கும் பாத்திரங்கள்

நவம்பர் இரண்டாவது வாரம் ஆனால் போதும், பக்கத்து வீட்டம்மாவிடமிருந்து கைபேசிக்கு ஒரு செய்தி வந்துவிடும்: "இந்த வருடம் நீங்கள் எந்த சைடு கொண்டு வருகிறீர்கள்?" விஸ்கான்சினில், மேடிசன் நகருக்குச் சற்று வெளியே நாங்கள் குடிவந்து 12 வருடங்கள் ஆகின்றன. அதில் 11 தேங்க்ஸ்கிவிங் (அமெரிக்காவின் நன்றி நாள்) சாப்பாட்டை அந்த வீட்டு மேசையில்தான் சாப்பிட்டிருக்கிறோம். சைடு என்றால் அந்த விருந்தில் வான்கோழிக்குத் துணையாக வைக்கும் பண்டம்.

முதல் வருடம் அந்தச் செய்தி வந்தபோது அதற்கு எவ்வளவு கனம் உண்டென்று எனக்குத் தெரியவில்லை. "க்ரீன் பீன் காஸரோல் கொண்டு வர முடியுமா?" என்று கேட்டிருந்தார். பீன்ஸ்தானே என்று நினைத்தேன். காஸரோல் என்றால் எல்லாவற்றையும் ஒரே தட்டில் கலந்து ஓவனில் சுட்டெடுப்பது என்று அப்போது தெரியாது. 2 கிலோ பீன்ஸைப் பொடியாக நறுக்கி, கடுகு உளுத்தம்பருப்பு தாளித்து, தேங்காய்ப்பூ தூவி, எங்கள் வீட்டில் விசேஷத்துக்குச் செய்வதுபோல நல்ல பொரியலாகச் செய்து கொண்டுபோனேன். அந்தம்மா முகம் மலர வாங்கி மேசையில் வைத்தார். எல்லோரும் ஆளுக்கொரு கரண்டி எடுத்துக்கொண்டார்கள், நன்றாக இருக்கிறது என்றும் சொன்னார்கள். பாதிச் சாப்பாட்டில், கல்லூரியிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்த அவர் மகன் மேசையை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்துவிட்டு, "அம்மா, இந்த வருடம் காஸரோல் இல்லையா?" என்று மெதுவாகக் கேட்டான். "அடுத்த வருடம் செய்துவிடலாம்" என்று சொல்லி அவர் பேச்சை மாற்றிவிட்டார்.

அன்று இரவு எனக்கு அது மனதைவிட்டுப் போகவில்லை. பொங்கலன்று ஒரு விருந்தாளி, "சர்க்கரைப் பொங்கல் என் பொறுப்பு" என்று சொல்லிவிட்டுக் கேரட் அல்வா கொண்டுவந்தால் எப்படி இருக்கும்? அல்வா எத்தனை ருசியாக இருந்தால்தான் என்ன, இலையில் பொங்கல் இருக்காதே. அந்தப் பையன் மூன்று மாதம் விடுதிச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு, வீட்டில் இந்த ஒரு ருசி காத்திருக்கும் என்று வந்திருக்கிறான். அதை நான் எடுத்துவிட்டேன். அதற்குப் பிறகு எனக்கு நானே ஒன்று முடிவு செய்துகொண்டேன். கேட்ட பண்டத்தை அவர்கள் வீட்டுப் பக்குவத்தில் செய்துகொண்டு போக வேண்டும். நம் கைப்பக்குவத்தையும் காட்ட ஆசையிருந்தால் அது கூடுதலாக, இன்னொரு பாத்திரத்தில், பக்கத்தில் இருக்கட்டும். அடுத்த பத்து வருடமும் அப்படித்தான் சமைத்தேன்.

நம் இலையில் சோறு நடுவில். கூட்டு, பொரியல், பச்சடி, ஊறுகாய் எல்லாம் மேல்பாதியில். இந்த மேசையில் சோற்றின் இடத்தில் வான்கோழி. வான்கோழி எல்லா வீட்டிலும் ஏறக்குறைய ஒன்றுதான். அந்த வீட்டுக்காரர்கள் எந்தப் பக்கத்திலிருந்து வந்தவர்கள், பாட்டி யார் என்பதெல்லாம் சைடுகளைப் பார்த்தால்தான் தெரியும். தெற்கு மாநிலங்களில், குறிப்பாகக் கறுப்பின மக்களின் வீடுகளில், ஓவனில் சுட்ட மாக்கரோனி சீஸ் இல்லாத தேங்க்ஸ்கிவிங் கிடையாது. பால்டிமோரில் புளிக்கவைத்த முட்டைக்கோஸ் வைப்பார்கள். எங்கள் பக்கம் நார்வேயிலிருந்து வந்த குடும்பங்களில் லெஃப்ஸே உண்டு: உருளைக்கிழங்கைப் பிசைந்து, நம் சப்பாத்தியைவிட மெல்லியதாகத் தேய்த்து, கல்லில் சுட்டு, வெண்ணெயும் சர்க்கரையும் தடவிச் சுருட்டித் தருவார்கள். அந்தம்மா வீட்டில் அவருடைய அக்கா கொண்டுவருவது அது. என் குழந்தைகள் அதற்காகவே காத்திருப்பார்கள்.

பண்டிகையின் கதையையும் இரண்டு வரி சொல்லிவிடுகிறேன். 1621 இல், இன்றைய மாசசூசெட்ஸ் மாநிலத்தில் இருக்கும் பிளிமத்தில், ஆங்கிலேயக் குடியேறிகளும் வாம்பனோக் பூர்வகுடி மக்களும் மூன்று நாள் சேர்ந்து உண்ட அறுவடை விருந்தை இதன் தொடக்கமாகச் சொல்கிறார்கள். அந்த விருந்தில் உருளைக்கிழங்கு கிடையாது. இன்று மேசையில் பார்ப்பதில் பெரும்பகுதி பிறகு வந்து சேர்ந்தது. 1863 இல் லிங்கன் நவம்பர் கடைசி வியாழனை நாடு முழுவதற்குமான நன்றி நாளாக அறிவித்தார். நவம்பரின் நான்காவது வியாழன் என்று சட்டமானது 1941 இல். பூர்வகுடிகள் பலருக்கு இது துக்க நாள். 1970 முதல் அதே பிளிமத்தில் கூடி அப்படித்தான் அனுசரிக்கிறார்கள். அது தெரிந்துதான் மேசையில் உட்கார வேண்டும் என்று என் பிள்ளைகளிடம் சொல்லியிருக்கிறேன்.

சரி, காஸரோலுக்கு வருவோம். இதற்குப் பிறந்த ஊரும் வருடமும் உண்டு. 1955 இல் நியூ ஜெர்சியின் கேம்டனில், கேம்ப்பெல் சூப் நிறுவனத்தின் சோதனைச் சமையலறையில் டார்கஸ் ரைலி என்ற பெண்மணி உருவாக்கியது. எந்த வீட்டு அலமாரியிலும் இருக்கக்கூடிய பொருள்களை வைத்தே செய்ய வேண்டும் என்பது அவருக்குக் கொடுக்கப்பட்ட வேலை. காளான் சூப் ஒரு டின், அரை கப் பால், ஒரு டீஸ்பூன் சோயா சாஸ், கொஞ்சம் மிளகுத்தூள், 4 கப் வெந்த பீன்ஸ், மேலே தூவ டப்பாவில் வரும் பொரித்த வெங்காயம். அவ்வளவுதான். ரைலி 2018 இல் தம் 92 ஆவது வயதில் காலமானார். டின் சூப்பா என்று முகம் சுளிப்பவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. பொருளைப் பார்த்துப் பார்த்துச் செலவழித்த குடும்பங்களுக்கும், வேலைக்குப் போய் வந்து சமைத்த பெண்களுக்கும் ஒரு பண்டிகைப் பண்டத்தை எளிதாக்கிக் கொடுத்தவர் அவர்.

செய்வது சுலபம், கெடுவதும் சுலபம். பீன்ஸை டின்னில் வாங்கினால் குழைந்துவிடும். உறையவைத்த நறுக்கிய பீன்ஸ்தான் என் தேர்வு. விஸ்கான்சினில் இதற்குக் குறைவே இல்லை, டின்னுக்கும் உறையவைப்பதற்கும் போகும் பீன்ஸை இந்த நாட்டிலேயே அதிகம் விளைவிக்கும் மாநிலம் இது. உறைந்த பீன்ஸை வெளியே வைத்து இளக்கி, துணியில் பரப்பி ஈரத்தை நன்றாக ஒற்றி எடுத்துவிடுங்கள். இதைச் செய்யாவிட்டால் காஸரோல் ஓவனுக்குள் தண்ணீர்விட்டுக் குழம்பாகிவிடும். சூப்பிலும் சோயா சாஸிலும் உப்பு இருக்கிறது, அதனால் தனி உப்பு வேண்டாம். வெங்காயத்தில் பாதியை உள்ளே கலந்து, 350 டிகிரி ஃபாரன்ஹீட்டில் 25 நிமிடம், ஓரங்களில் கொதி வரும்வரை வைக்க வேண்டும். மீதி வெங்காயத்தைக் கடைசி 5 நிமிடத்தில்தான் தூவ வேண்டும். முதலிலேயே தூவினால் கருகிக் கசக்கும். முந்தின இரவே கலந்து ஃப்ரிட்ஜில் வைத்துவிடலாம். ஆனால் மேலே தூவும் வெங்காயத்தைத் தொடாமல் தனியாக வையுங்கள், குளிர்ந்த பாத்திரத்துக்குப் பத்து நிமிடம் கூடுதலாகக் கொடுங்கள்.

இரண்டாவது வருடம் அந்தப் பையன் இரண்டு முறை போட்டுக்கொண்டான். எனக்கு அது போதுமாக இருந்தது.

மூன்றாவது வருடம் மசித்த உருளைக்கிழங்கு என் பங்குக்கு வந்தது. இங்கேதான் நான் பெரிதாகச் சறுக்கினேன். 14 பேருக்கு 7 பவுண்டு கிழங்கு, அதாவது 3 கிலோவுக்கு மேல். ஆளுக்கு அரை பவுண்டு என்பது கணக்கு. கையால் மசிக்கச் சோம்பல்பட்டு, வெந்த கிழங்கை மிக்ஸி ஜாரில் போட்டு ஓடவிட்டேன். அரை நிமிடத்தில் போஸ்டர் ஒட்டும் பசைபோல இழுபட ஆரம்பித்துவிட்டது. வெந்த கிழங்கை அவ்வளவு வேகமாக அடித்தால் அதன் செல்கள் உடைந்து, உள்ளே இருக்கும் ஸ்டார்ச் மொத்தமும் வெளியே வந்துவிடுகிறது. பிறகு எத்தனை வெண்ணெய் ஊற்றினாலும் அது பழைய நிலைக்குத் திரும்பாது. நல்லவேளை, புதன்கிழமை இரவு அது. கடை திறந்திருந்தது. வியாழனன்று பல கடைகள் பூட்டிக்கிடக்கும். எது மறந்தாலும் புதன் இரவுக்குள் நினைவுக்கு வந்துவிட வேண்டும்.

இப்போது செய்யும் முறை இது. ரஸெட் கிழங்கு பொலபொலவென்று வரும், யூகான் கோல்டு வெண்ணெய்போல வரும். இரண்டையும் பாதிப்பாதி போடுகிறேன். தோல் சீவிப் பெரிய துண்டுகளாக்கி, உப்புப் போட்ட பச்சைத் தண்ணீரிலேயே அடுப்பில் ஏற்ற வேண்டும். கொதிக்கிற தண்ணீரில் போட்டால் வெளியே கரைந்து நடுவில் வேகாமல் நிற்கும். வெந்ததும் வடித்து, அதே பாத்திரத்தில் இரண்டு நிமிடம் சிறு தீயில் வைத்து ஆவி போகவிடுங்கள். மசிப்பதற்கு, ஊரிலிருந்து கொண்டுவந்த இடியாப்ப உழக்குதான் என் கருவி. இங்கே ரைஸர் என்று விற்பதும் அதே வேலையைச் செய்வதுதான். பெரிய கண் உள்ள அச்சைப் போட்டுப் பிழிந்தால் ஒரு கட்டி இருக்காது. முதலில் வெண்ணெய், அது கலந்தபிறகு சூடான பால். குளிர்ந்த பாலை ஊற்றினால் கிழங்கு இறுகிப்போகும். அப்புறம் ஸ்லோ குக்கரில் மாற்றி, மேலே கொஞ்சம் பால் தெளித்து மூடிவைத்தால் இரண்டு மணி நேரம் சூடு குறையாமல் காத்திருக்கும். ஓவனில் இடமும் மிச்சம்.

நான்காவது வருடம் என் மாமியார் திருநெல்வேலியிலிருந்து வந்து ஆறு மாதம் எங்களோடு இருந்தார். முட்டைகூடத் தொடாத சைவம். "நீங்க போய்ட்டு வாங்க, நான் தயிர்சாதம் சாப்பிட்டுக்கிடுதேன்" என்றார். அந்தம்மா கேட்கவில்லை, வீட்டுக்கே வந்து கையைப் பிடித்து அழைத்தார். ஆகவே அந்த வருடம் மேசையில் இருக்கும் ஒவ்வொரு பாத்திரத்தையும், அத்தை சாப்பிடலாமா கூடாதா என்ற கேள்வியோடு நான் பார்க்க வேண்டியிருந்தது. அதுவரை சாதாரணமாக எடுத்துப் போட்டுக்கொண்டவற்றில் எங்கெங்கே இறைச்சி ஒளிந்திருக்கிறது என்று அப்போதுதான் தெரிந்தது.

மசித்த கிழங்கின்மேல் ஊற்றும் க்ரேவி வான்கோழியிலிருந்து வடியும் கொழுப்பிலும் சாற்றிலும் செய்வது. ஸ்டஃபிங்கைப் பறவையின் வயிற்றுக்குள் வைக்காமல் தனித் தட்டில் சுட்டாலும், ரொட்டியை நனைப்பது கோழிச் சாற்றில்தான். பலர் முட்டையும் சேர்ப்பார்கள். சர்க்கரைவள்ளிக்கிழங்கின்மேல் அடுக்கும் மார்ஷ்மெல்லோ என்ற பஞ்சுபோன்ற இனிப்பில் ஜெலட்டின் இருக்கிறது. கடையில் சாதாரணமாக விற்பதில் பெரும்பாலும் அது பன்றியிலிருந்து எடுத்தது. சில வீடுகளில் பீன்ஸிலும், குட்டி முட்டைக்கோஸ்போல இருக்கும் ப்ரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸிலும் பேக்கன், அதாவது உப்பிட்ட பன்றி இறைச்சி, போடுவார்கள். பெற்றோரை அழைத்துப்போகிறவர்கள் விருந்து நடத்துகிறவரிடம் ஒரு வாரம் முன்பே இந்த நான்கையும் கேட்டுவிடுங்கள். அன்றைக்கு அடுப்படியில் நின்றுகொண்டு கேட்டால் அவர்களுக்கு மனசு சங்கடப்படும், மாற்றுவதற்கு நேரமும் இருக்காது. முன்பே கேட்டதால் அந்தம்மா ரொட்டியை நனைப்பதற்கு முன் ஒரு பங்கை எடுத்துவைத்து எனக்குத் தந்தார்.

ஸ்டஃபிங் என்பது ரொட்டி உப்புமா என்று அத்தைக்குச் சொன்னேன், உடனே புரிந்துகொண்டார். உண்மையில் அடிப்படை அதுதான்: காய்ந்த ரொட்டித் துண்டுகள், வெண்ணெயில் வதக்கிய வெங்காயம், செலரி, ஸேஜ் இலை, நனைக்கச் சாறு, பிறகு ஓவன். தெற்கே இதையே மக்காச்சோள ரொட்டியில் செய்து டிரெஸ்ஸிங் என்பார்கள். ரொட்டி நன்றாகக் காய்ந்திருக்க வேண்டும் என்பதுதான் இதில் எல்லாம். இரண்டு நாள் முன்பே துண்டாக்கிப் பரப்பிவிடுவேன். மறந்துபோனால் 250 டிகிரி ஓவனில் முக்கால் மணி நேரம் உலர்த்தலாம். ஈர ரொட்டி களியாகிவிடும். சைவச் சாறுக்கு உலர்ந்த காளான், வெங்காயத்தோல், செலரிக் காம்பு, கேரட் போட்டு முக்கால் மணி நேரம் கொதிக்கவைத்து வடிகட்டுகிறேன். ஸேஜுக்கு மணம் அதிகம், அளவாகப் போடுங்கள்; கூடினால் மருந்து வாசனை வந்துவிடும். பறவைக்குள்ளேயே வைத்துச் சுடுகிற வீடுகளில், ஸ்டஃபிங்கின் நடுப்பகுதி 165 டிகிரி தொட்டதா என்று வெப்பமானி குத்திப் பார்க்க வேண்டும். பச்சை இறைச்சியின் சாறு அதில் இறங்கியிருக்கும்.

இந்தப் பகுதியில் ரொட்டிக்குப் பதிலாகக் காட்டரிசி போடுகிற வழக்கமும் உண்டு. வடக்கு விஸ்கான்சின், மின்னசோட்டா ஏரிகளில் தானாக விளையும் நீண்ட கறுத்த மணி. ஒஜிப்வே பூர்வகுடி மக்கள் மனோமின் என்று அழைக்கும் புனித தானியம். படகில் போய், கதிரை வளைத்துத் தட்டித் தட்டிப் படகுக்குள் உதிர்ப்பார்கள். நம் நெல்லின் இனம் இல்லை, ஆனால் வேகும்போது ஒரு புகைவாசம் வரும். கடைகளில் கிடைக்கும் கறுப்பு ரகம் வேக 45 நிமிடத்திலிருந்து ஒரு மணி நேரம் ஆகும். மணி வாய் பிளந்து உள்வெள்ளை தெரிந்தால் பதம். ஏரியில் கையால் அறுத்தது அதைவிடச் சீக்கிரம் வெந்துவிடும். காளானும் பெக்கான் கொட்டையும் சேர்த்து நான் செய்த காட்டரிசியை அத்தை இரண்டாம் முறை கேட்டு வாங்கிக்கொண்டார். சோறு என்று ஒன்று தட்டில் விழுந்ததும் அவர் முகத்தில் வந்த நிம்மதி இன்னும் நினைவிருக்கிறது.

கிரான்பெர்ரியைப் பற்றி எழுத ஆரம்பித்தால் எனக்கு நிறுத்தத் தோன்றாது. அமெரிக்காவின் விளைச்சலில் பாதிக்கு மேல் விஸ்கான்சினில்தான் விளைகிறது. அக்டோபரில் அத்தையை மாநிலத்தின் நடுப்பகுதிக்கு, விஸ்கான்சின் ரேபிட்ஸ் பக்கம் அறுவடை பார்க்க அழைத்துப்போனோம். தரையோடு படரும் கொடி அது. அறுவடைக்கு வயலுக்குள் தண்ணீர் கட்டுகிறார்கள். கொடியைக் கலைத்துவிட்டதும் பழங்கள் பிய்ந்து மேலே வந்து மிதக்கின்றன. ஒவ்வொரு பழத்துக்குள்ளும் காற்று நிற்கும் நான்கு சிறு அறைகள் இருப்பதால் மூழ்காது. வயல் முழுக்கச் செக்கச்செவேலென்று மிதக்க, இடுப்பளவு தண்ணீரில் ஆட்கள் நின்று ஒரு மூலைக்கு ஒதுக்குகிறார்கள். வரப்பில் நின்றிருந்த அத்தை ஒரு பழத்தை வாயில் போட்டுக் கடித்துவிட்டுக் கண்ணை மூடினார். "ஏட்டி, இது நம்ம களாக்காய்லா!" என்றார். அவர் ஊரில் புதரோரம் பறித்து உப்புத் தொட்டுத் தின்ற களாக்காயின் புளிப்பும் துவர்ப்பும் அவருக்கு அங்கே கிடைத்துவிட்டது.

மேசைக்கு வரும் கிரான்பெர்ரி சாஸ் மூன்றே பொருள்தான். 340 கிராம் பை ஒன்று, ஒரு கப் சர்க்கரை, ஒரு கப் தண்ணீர். சர்க்கரை கரைந்து கொதித்ததும் பழத்தைக் கொட்டினால் ஒவ்வொன்றாகப் பட்பட்டென்று வெடிக்கும். பெரும்பாலானவை வெடித்ததும், பத்து நிமிடத்துக்குள், இறக்கிவிட வேண்டும். தண்ணீராக இருக்கிறதே என்று மேலும் காய்ச்சாதீர்கள். பழத்திலேயே பெக்டின் நிறைய இருப்பதால் ஆறும்போது தானே கெட்டிப்படும். அதிகம் காய்ச்சினால் மறுநாள் கத்தி வைத்து வெட்ட வேண்டியிருக்கும். நான் ஆரஞ்சுத் தோலைத் துருவிப் போட்டு இறக்குகிறேன். மூன்று நாள் முன்பே செய்யலாம், ருசி கூடத்தான் செய்யும். ஆனால் ஒன்று: டின்னிலிருந்து அப்படியே சரித்து, டின்னின் வரிகள் பதிந்த உருளையாகத் தட்டில் வைத்து வட்ட வட்டமாக அறுத்தால்தான் அது கிரான்பெர்ரி என்று நினைக்கும் வீடுகள் நிறைய. அந்தம்மாவின் கணவர் அப்படித்தான். அவருக்கு டின்னும் உண்டு, என் சாஸும் உண்டு.

அந்த வருடம் மூன்றாவதாக ஒன்றும் சேர்ந்தது. புதன்கிழமை மாலை, நான் சாஸ் காய்ச்சிக்கொண்டிருந்தபோது அத்தை இன்னொரு பையைப் பிரித்துத் தொக்கு போட்டார். கால் கப் நல்லெண்ணெயில் கடுகு வெடிக்கவிட்டு, பழத்தைக் கழுவித் துடைத்துப் போட்டு உடனே மூடினார். வெடிக்கும்போது எண்ணெய் தெறிக்கும், மூடி கட்டாயம். மசிந்ததும் ஒரு மேசைக்கரண்டி மிளகாய்த்தூள், ஒன்றரை டீஸ்பூன் உப்பு, வறுத்துப் பொடித்த வெந்தயம் அரை டீஸ்பூன், பெருங்காயம், நெல்லிக்காய் அளவு வெல்லம். எண்ணெய் பிரிந்து ஓரத்தில் நிற்கும்வரை 20 நிமிடம் கிளறினார். மறுநாள் அதைச் சின்னக் கண்ணாடிக் கிண்ணத்தில் மாற்றி, காரம் என்று ஒரு சீட்டு எழுதிச் சாய்த்து, டின் கிரான்பெர்ரிக்கும் என் சாஸுக்கும் பக்கத்தில் வைத்தோம்.

முதலில் தொட்டவர் அந்தம்மாவின் அக்கா. வான்கோழித் துண்டின்மேல் கத்தி முனையளவு தடவினார். அப்புறம் ஒரு ஸ்பூன். கிண்ணம் மேசையைச் சுற்றிப் போய்த் திரும்பி வரும்போது பாதிதான் இருந்தது. யாருடைய பண்டத்தையும் நாங்கள் எடுத்துவிடவில்லை, எல்லாம் இருந்த இடத்தில் இருந்தன. அதனால்தான் அந்தக் கிண்ணத்துக்கும் இடம் கிடைத்தது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

சர்க்கரைவள்ளிக்கிழங்கில் ஒரு பெயர்க் குழப்பம் உண்டு. டின்னில் யாம் என்று எழுதியிருந்தாலும் உள்ளே இருப்பது ஆரஞ்சு நிறச் சர்க்கரைவள்ளிதான். 1930களில் லூசியானா விவசாயிகள் தங்கள் ரகத்தைத் தனித்துக் காட்ட அந்தப் பெயரைப் பரப்பினார்கள். நம் ஊர்க் கிழங்கைவிட ஈரம் அதிகம், அதனால் வேகவைக்காமல் தோலோடு சுட்டு எடுத்து மசிக்கிறேன். வெண்ணெயும் பழுப்புச் சர்க்கரையும் கலந்து, தட்டில் பாதிக்கு மார்ஷ்மெல்லோ, பாதிக்குப் பெக்கானும் மாவும் வெண்ணெயும் பிசிறிய தூவல். பெக்கான் பக்கம் அத்தைக்கு. சூட்டில் மார்ஷ்மெல்லோ உருகி மறுபக்கம் ஓடிவிடும் என்பதால், அடுத்த முறையிலிருந்து இரண்டு தனித் தட்டுகளாக்கிவிட்டேன். சைவத்துக்கென்று ஒதுக்கியதற்குத் தனிப் பாத்திரம், தனிக் கரண்டி வேண்டும். கரண்டி மாறிவிட்டால் அத்தை அதைத் தொடமாட்டார், அதைச் சொல்லவும் மாட்டார்.

காளான் க்ரேவிக்கு ஒரு கப் சாறுக்கு வெண்ணெய் 2 மேசைக்கரண்டி, மைதா 2 மேசைக்கரண்டி என்ற கணக்கை மட்டும் மனதில் வைத்தால் போதும். மாவு வெண்ணெயில் பொன்னிறமாக வறுபட்டு மணம் வந்தபிறகு சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கலக்குங்கள். பன், ஊறவைத்த வெள்ளரி, ஆலிவ், செலரித் துண்டு வைத்த தட்டு இவற்றையெல்லாம் சமைக்கத் தெரியாத இளைஞர்கள் தலையில் கட்டிவிடலாம். அவர்களுக்கும் ஒரு பங்கு இருந்த மாதிரி இருக்கும்.

ஓவன் ஒன்றுதான் இருக்கிறது என்பதே இந்த நாளின் உண்மையான சிரமம். காலையிலிருந்து நான்கு மணி நேரம் வான்கோழி அதைப் பிடித்துக்கொள்ளும். விருந்து நடத்துகிறவருக்குத் தெரியாமல், எல்லோரும் பச்சையாகக் கொண்டுவந்து "கொஞ்சம் ஓவனில் வைத்துக்கொள்ளட்டுமா?" என்று நின்றால் அவர் பாடு திண்டாட்டம். வான்கோழியை வெளியே எடுத்ததும் வெட்டுவதற்கு முன் 30, 40 நிமிடம் ஆறப்போடுவார்கள். அந்த நேரம்தான் சைடுகளுக்கு. அதில் இரண்டு மூன்று தட்டுக்கு மேல் போகாது. எனவே என் வீட்டிலேயே முழுதும் சுட்டு, ஃபாயில் போட்டு இறுக்கி மூடி, கனமான துண்டில் சுற்றி, அட்டைப்பெட்டியில் வைத்துக் கொண்டுபோகிறேன். வெங்காயம் தூவும் கடைசி 5 நிமிட வேலை மட்டும் அங்கே. பரிமாறும் கரண்டியை நாமே கொண்டுபோக வேண்டும். பாத்திரத்தின் அடியில் டேப் ஒட்டிப் பெயர் எழுதிவிட வேண்டும். சாப்பாடு முடிந்ததும் பேச்சு சுவாரஸ்யத்தில் எல்லாம் மேசையிலேயே கிடக்கும். வெளியே வைத்து 2 மணி நேரம் தாண்டினால் கெட்டுப்போக ஆரம்பித்துவிடும், அதற்குள் ஆழமில்லாத டப்பாக்களில் பிரித்து ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். 4 நாள்வரை சாப்பிடலாம். மிஞ்சிய மசித்த கிழங்கில் பச்சைமிளகாய், கொத்தமல்லி சேர்த்து வெள்ளிக்கிழமை காலை நான் போண்டா போடுவேன். இப்போது அந்தம்மா தன் டப்பாவையும் கொண்டுவந்து கொடுத்துவிடுகிறார்.

காஸரோல் கேட்ட அந்தப் பையனுக்குக் கல்யாணமாகிவிட்டது. போன வருடத்திலிருந்து விருந்து அவன் வீட்டில்தான். அக்டோபர் கடைசியிலேயே பட்டியல் அனுப்பிவிட்டான். என் பெயருக்கு நேராக இரண்டு வரி: "பீன்ஸ் காஸரோல். அந்தச் சிவப்புக் காரம், பெரிய கிண்ணம்."

கிரான்பெர்ரி புத்தாண்டுக்குப் பிறகு கடைகளில் தேடினாலும் கிடைப்பதில்லை. அதனால் நவம்பரிலேயே ஆறு பை வாங்கி, கழுவாமல், பிரிக்காமல் அப்படியே ஃப்ரீஸரில் போட்டுவைக்கிறேன். இளகவிடாமலே நேராகச் சட்டியில் போட்டுச் சமைக்கலாம். ஆடி மாதம் அத்தை தொலைபேசியில் கூப்பிட்டார். களாக்காய் பழுத்துவிட்டதாம். பாதிக்கு ஊறுகாய் போட்டுவிட்டு, மீதிக்குச் சர்க்கரையும் ஆரஞ்சுத் தோலும் எவ்வளவு போட வேண்டும் என்று கேட்டார். நான் அளவு சொல்லச் சொல்ல, யாரோ ஒரு பிள்ளையிடம் எழுதிக்கொள்ளச் சொல்வது கேட்டது.